புளி இருக்கும் வீட்டில் வினிகர் எதற்கு?

மாசி, பங்குனி வந்துவிட்டால் கிருஷ்ணகிரிப் பக்கம் எந்த ஊருக்குள் நுழைந்தாலும் புளி வாசனைதான். திண்ணையிலும் மொட்டை மாடியிலும் புளி காயும். பெண்கள் வட்டமாக உட்கார்ந்து ஓடு உடைத்து, நார் உரித்து, கொட்டையைத் தட்டி எடுப்பார்கள். எங்கள் பெரியம்மா வீட்டிலும் அதே வேலை நடந்துகொண்டிருந்த ஒரு நாளில்தான், வாரச் சந்தையில் இரண்டு கிலோ மிளகாய்ப் பழமும் கடையில் இரண்டு பாட்டில் வினிகரும் வாங்கிக்கொண்டு, சாஸ் செய்யலாம் என்று போய் நின்றேன். பெரியம்மா புளி ஒட்டிய கையோடு எழுந்து வந்து பாட்டிலைப் பார்த்தார்.

"ஏன் கண்ணு, வீடு பூரா புளி கெடக்குது. இந்தச் சீசாத் தண்ணிய எதுக்குக் காசு குடுத்து வாங்கியாந்த?"

நியாயமான கேள்வி. அன்று "கெட்டுப்போகாம இருக்கத்தான் பெரியம்மா" என்று மட்டும் சொன்னேன். புளியும்தான் கெடாமல் காக்கிறது. அப்படியானால் இரண்டுக்கும் என்ன வித்தியாசம்?

முதலில் மிளகாயைப் பார்ப்போம். மிளகாயில் காரம் உண்டு, புளிப்பு கிடையாது. அதன் பிஎச் அளவு பெரும்பாலும் 5க்கும் 6க்கும் நடுவில் இருக்கும். (பிஎச் 7 என்றால் நடுநிலை, எண் குறையக் குறையப் புளிப்பு கூடும்.) அரைத்து அப்படியே வைத்தால் இரண்டு மூன்று நாளில் பூஞ்சை படரும். பூஞ்சை கண்ணுக்குத் தெரியும், கொட்டிவிடலாம். கண்ணுக்குத் தெரியாத ஆபத்து இன்னொன்று இருக்கிறது. கிளாஸ்ட்ரிடியம் பொட்டுலினம் என்ற பாக்டீரியாவின் வித்துகள் மண்ணில் சாதாரணமாகக் கிடப்பவை. சாஸில் சேர்க்கும் பூண்டு மண்ணுக்குள் விளைவது, மிளகாய் மண்ணுக்குப் பக்கத்தில் காய்ப்பது. இந்த வித்துகள் வெறும் கொதியில் சாகாது. காற்றுப் புகாத பாட்டிலுக்குள் போனால் அவற்றுக்கு அதுதான் வசதி. முளைத்து, நரம்புகளைச் செயலிழக்க வைக்கும் நஞ்சைக் கக்கும். வாசனையிலோ ருசியிலோ தெரியாமல் போகலாம். ஆனால் பிஎச் 4.6க்குக் கீழே போய்விட்டால் அவை முளைக்காது. உணவுத் தொழிலில் எல்லாரும் மனப்பாடமாக வைத்திருக்கும் எண் இது. கிருஷ்ணகிரியைச் சுற்றியுள்ள மாங்கூழ் ஆலைகளில் ஓடும் கிளிமூக்கு மாங்கூழ் இயல்பாகவே இந்தக் கோட்டுக்குக் கீழே இருப்பது. அதனால்தான் அதைக் கொதிநிலை அளவுக்குச் சூடாக்கி டின்னில் அடைத்தால் போதுமானதாக இருக்கிறது. மிளகாய்க்கு அந்தக் கொடுப்பினை இல்லை. புளிப்பை நாம்தான் சேர்க்க வேண்டும்.

இனி பெரியம்மாவின் கேள்வி. புளியில் இருப்பது டார்டாரிக் அமிலம், வினிகரில் இருப்பது அசிட்டிக் அமிலம். நாக்குக்கு இரண்டும் புளிப்பு. கிருமிக்கு அப்படி இல்லை.

ஓர் அமில மூலக்கூறு தண்ணீரில் விழுந்தால் தன்னிடம் உள்ள ஹைட்ரஜனைக் கழற்றிவிடப் பார்க்கும். கழன்றால் மிச்சமிருப்பது மின்னூட்டம் உள்ள அயனி. கழலாவிட்டால் அது முழு மூலக்கூறு. கிருமியைச் சுற்றிக் கொழுப்பால் ஆன மெல்லிய சவ்வு இருக்கிறது. மின்னூட்டம் உள்ள எதையும் அது லேசில் உள்ளே விடாது. முழு மூலக்கூறு, அதுவும் அசிட்டிக் அமிலம்போல் சின்னதாக இருந்தால், சவ்வுக்குள் புகுந்து மறுபக்கம் போய்விடும். கிருமியின் உட்பக்கம் பிஎச் 7ஐ ஒட்டி இருக்கும். அங்கே போனதும் அந்த மூலக்கூறு ஹைட்ரஜனைக் கழற்றிவிடுகிறது. உள்ளுக்குள்ளேயே புளிப்பு ஏறுகிறது. கழன்ற ஹைட்ரஜனை வெளியே இறைத்துத் தள்ளவே கிருமியின் சக்தி முழுக்கச் செலவாகிறது. வளர முடியாது, பெருக முடியாது, கடைசியில் சாகிறது.

ஆக, எவ்வளவு புளிப்பு என்பதோடு, எத்தனை மூலக்கூறுகள் கழலாமல் முழுசாக இருக்கின்றன என்பதும் முக்கியம். அசிட்டிக் அமிலத்தில் பிஎச் 4.76ல் சரிபாதி முழுசாக இருக்கும். 3.76க்கு இறங்கினால் பதினொன்றில் பத்து முழுசு. அதே 3.76ல் டார்டாரிக் அமிலத்தின் பெரும்பகுதி ஏற்கெனவே கழன்று அயனியாகிவிட்டிருக்கும், வாசலிலேயே நின்றுவிடும். ஒரே அளவு புளிப்பு காட்டும் இரண்டு சாஸ்களில் வினிகர் சாஸ் கிருமிக்குக் கூடுதல் எமனாக இருப்பது இதனால்தான்.

அப்படியானால் பெரியம்மா செய்யும் பழமிளகாய்த் தொக்கு எப்படி வருடம் முழுக்க நிற்கிறது? அதைக் காப்பது புளி மட்டுமல்ல. கை நிறைய உப்பு, மேலே நிற்கிற அளவு நல்லெண்ணெய், தண்ணீர் சுண்டும்வரை அடிபிடிக்காமல் கிளறிய ஒரு மணி நேரம் எல்லாம் சேர்ந்துதான் காக்கின்றன. தண்ணீர் இல்லாத இடத்தில் கிருமிக்கு வாழ்வு இல்லை. பாட்டிலைச் சாய்த்தால் ஒழுக வேண்டிய சாஸில் தண்ணீர் இருந்தே தீரும். அங்கேதான் வினிகர் வேண்டும்.

வினிகர் நமக்கு அந்நியமும் இல்லை. காடி என்று தமிழில் பழைய பெயரே உண்டு. கள்ளோ பழரசமோ புளிக்கும்போது சாராயம் உண்டாகி, அதை அசிட்டோபாக்டர் வகை பாக்டீரியாக்கள் காற்றோடு சேர்த்து அசிட்டிக் அமிலமாக்கினால் அது காடி. கடையில் கிடைக்கும் மலிவான செயற்கை வினிகர் ஆலையில் தயாரான அசிட்டிக் அமிலத்தைத் தண்ணீரில் கலந்தது. மூலக்கூறு ஒன்றுதான், காக்கும் வேலையில் குறை இல்லை. பாட்டிலில் 4 சதவீதமோ அதற்கு மேலோ எழுதியிருக்கிறதா என்று மட்டும் பாருங்கள். ரசாயனக் கடையில் விற்கும் அடர் அமிலத்தை வாங்கி வீட்டில் கலக்கும் வேலை வேண்டவே வேண்டாம். தோலை வேகவைத்துவிடும்.

அளவு விஷயத்தில் நான் ஒரு முறை தப்புச் செய்திருக்கிறேன். அது முதல் தடவை. வாயில் வைத்தால் கண் சுருங்கும் அளவுக்குப் புளிக்கிறதே என்று பாதி வினிகரைக் குறைத்துத் தண்ணீர் ஊற்றினேன். ஒன்பதாம் நாள் மூடியைத் திருகியதும் புஸ்ஸென்று நுரை பொங்கி மேடையில் வழிந்தது. ஈஸ்ட் உள்ளே உட்கார்ந்து சர்க்கரையைத் தின்று வாயு விட்டிருக்கிறது. ஈஸ்ட் வளர முடிந்த இடத்தில் வேறு எது வளர்ந்திருக்கும் என்று சொல்ல முடியாது. ருசிகூடப் பார்க்காமல் கொட்டினேன். அன்றிலிருந்து கால் கிலோ மிளகாய்க்கு 250 மில்லி வினிகர், பச்சைத் தண்ணீர் ஒரு சொட்டும் கிடையாது என்பது கணக்கு. புளிப்பு அதிகமாகத் தெரிந்தால் கொஞ்சம் வெல்லம் போடலாம், நாக்குக்கு அடங்கும். சந்தேகத்துக்கு பிஎச் காகிதம். பள்ளிக்கூட ஆய்வகச் சாமான் விற்கும் கடையில் கிடைக்கும். 4க்குக் கீழே காட்ட வேண்டும்.

பெரியம்மா வீட்டில் அன்று செய்ததைச் சொல்கிறேன். மிளகாய்ப் பழத்தைக் கழுவி, ஈரம் போக நிழலில் உலர்த்தி, காம்பு கிள்ளி இரண்டாக நறுக்கினோம். கால் கிலோவுக்குப் பத்துப் பல் பூண்டு தட்டி, இரண்டு தேக்கரண்டி உப்பு போட்டு, கண்ணாடி ஜாடியில் வினிகர் ஊற்றி இரவு முழுக்க ஊறவிட்டோம். புளிப்பு சதைக்குள் இறங்க அந்த நேரம் வேண்டும். நன்றாகப் பழுத்துச் சிவந்ததையே எடுத்ததற்குக் காரணம் உண்டு. பச்சை மிளகாயில் செய்தால் ருசி கெடாது, நிறம் கெட்டுவிடும். பச்சையத்தின் நடுவில் உட்கார்ந்திருக்கும் மெக்னீசியத்தை அமிலம் பிடுங்கிவிடுவதால், கிளிப்பச்சை மங்கிக் காய்ந்த இலை நிறத்துக்கு வந்துவிடும். சிவப்பைத் தரும் கேப்சாந்தினுக்கு அந்தத் தொல்லை இல்லை.

விடிந்து ஜாடியைத் திறந்தபோது பூண்டின் நசுங்கிய ஓரமெல்லாம் நீலப் பச்சையாக மாறியிருந்தது. சில பற்களில் மயிலிறகு நிறம், சிலவற்றில் வெளிறிய பச்சை. பெரியம்மா குனிந்து பார்த்தார். "என்ன கண்ணு இது, செம்புல களிம்பு ஏறின மாதிரி இருக்கு? எந்த ஏனத்துல ஊறவச்ச?"

அவர் பயந்ததில் அர்த்தம் இருக்கிறது. செம்பிலோ பித்தளையிலோ வினிகரை வைத்தால் நிஜமாகவே களிம்பு ஏறும், அது நஞ்சு. அலுமினியத்தையும் அமிலம் அரிக்கும். கண்ணாடி, எவர்சில்வர், பீங்கான் மூன்றும்தான் இதற்கு ஆகும். ஆனால் இந்த நீலம் உலோகத்தில் இருந்து வந்ததில்லை, பூண்டின் சொந்தச் சரக்கு. பூண்டை நசுக்கியதும் அதன் நொதி வேலை தொடங்கி, கந்தகம் உள்ள சேர்மங்கள் உண்டாகின்றன. அவை பூண்டிலேயே உள்ள அமினோ அமிலங்களோடு சேர்ந்து பைரோல் என்ற வளையங்களாகி, வளையத்தோடு வளையம் கோத்து நிறமாகின்றன. குளிரில் பல நாள் கிடந்த பூண்டில் இது கூடுதலாக வரும். தின்றால் ஒன்றும் ஆகாது. வட சீனாவில் குளிர்காலத்தில் இதை வேண்டுமென்றே செய்து, பச்சை நிறப் பூண்டாகவே பரிமாறுகிறார்கள். நிறம் பிடிக்காவிட்டால் பூண்டை முதலிலேயே உரித்து முழுசாக வேகவைத்துவிடுங்கள். நொதி செத்துவிடும், நீலம் வராது.

ஊறியதை எவர்சில்வர் பாத்திரத்தில் பதினைந்து நிமிடம் மிதமான தீயில் வேகவைத்தோம். சன்னலைத் திறந்து வைத்துக்கொள்ளுங்கள். ஆவியோடு காரம் ஏறித் தொண்டையைப் பிடிக்கும். ஆறியதும் அரைத்து, வடிகட்டி, திரும்ப ஒரு கொதி விட்டு, கொதிநீரில் போட்டு எடுத்த பாட்டிலில் சூடாகவே ஊற்றினோம். சில நாளில் மேலே தெளிவும் கீழே சதையுமாகப் பிரியும். அது கெட்டதற்கு அடையாளமில்லை, குலுக்கினால் சேர்ந்துவிடும்.

காரத்தைப் பற்றியும் சொல்ல வேண்டும். காரத்தைத் தரும் கேப்சைசின் என்ற பொருள் விதையில் இருப்பதாகப் பலர் நினைக்கிறார்கள். அது சுரப்பது விதை ஒட்டியிருக்கும் வெளிறிய சதையில்; விதையில் அது ஒட்டிக்கொள்கிறது, அவ்வளவுதான். நம் நரம்பு முனைகளில் டிஆர்பிவி1 என்றொரு புரதம் உண்டு. சுமார் 43 டிகிரிக்கு மேல் சூடு பட்டால் திறந்து 'சுடுகிறது' என்று மூளைக்குச் சொல்வது அதன் வேலை. கேப்சைசின் அதே பூட்டில் நுழையும் கள்ளச் சாவி. அமெரிக்க விஞ்ஞானி டேவிட் ஜூலியஸின் குழு இந்தப் புரதத்தை 1997ல் கண்டுபிடித்தது, 2021ல் அவருக்கு நோபல் பரிசு கிடைத்தது. இதே புரதத்தை அமிலமும் தூண்டும், குறைந்த சூட்டிலேயே திறக்க வைக்கும். வினிகர் சாஸ் நாக்கில் பட்டதும் சுரீரென்று ஏறுவதில் இதற்கும் பங்கு உண்டு. பறவைகளின் டிஆர்பிவி1 கேப்சைசினுக்கு அசைவதில்லை. கிளி மிளகாய்ப் பழத்தைக் கொத்திக் கொத்தித் தின்பது அப்படித்தான்.

நறுக்கிய கையில் எரிச்சல் இருந்தால் முதலில் எண்ணெய் தேய்த்து, அப்புறம் சோப்புப் போடுங்கள். கேப்சைசின் தண்ணீரில் கரையாது, எண்ணெயில் கரையும்.

கடைசியில் பெரியம்மாவின் புளியும் சாஸுக்குள் போனது. பெரியம்மா வீட்டில் இரண்டாவது முறை செய்தபோது, வினிகரைக் கொஞ்சமும் குறைக்காமல், தண்ணீர் விடாமல் வினிகரிலேயே கரைத்த கெட்டிப் புளி இரண்டு கரண்டி சேர்த்தோம். பிஎச் காகிதத்தின் நிறம் ஒரு படி இறங்கியது. டார்டாரிக் அமிலம் எளிதில் ஹைட்ரஜனைக் கழற்றிவிடுவதால் பிஎச் நன்றாக இறங்குகிறது. பிஎச் இறங்கினால் அசிட்டிக் அமிலம் கழலாமல் முழுசாகவே நிற்கிறது. அதாவது வாசலில் நிற்கும் புளி, உள்ளே போகும் வினிகருக்கு ஆள் சேர்த்துக் கொடுக்கிறது. இதைச் சொன்னபோது பெரியம்மா தலையாட்டிக் கேட்டுக்கொண்டார். பிறகு தன் பங்கை ஒரு பழைய ஊறுகாய் பாட்டிலில் ஊற்றி, தகர மூடி துருப்பிடிக்காமல் இருக்க வாயில் ஒரு பாலித்தீன் தாளை விரித்து, அதன்மேல் மூடியை இறுக்கினார்.