குந்தியபடியே ஓர் எறி

பேஸ்பாலின் கேட்சரை நம் விக்கெட் கீப்பரோடு ஒப்பிடலாம். ஆனால் கீப்பருக்கு இல்லாத ஒரு நெருக்கடி அவருக்கு உண்டு. பிட்சர், அதாவது பந்து வீசுபவர், வீசத் தொடங்கியதுமே முதல் பேஸில் (ஓடுபவர் தொட வேண்டிய இடம்) நிற்கும் எதிரணி ஆட்டக்காரர் இரண்டாம் பேஸுக்கு ஓட்டம் பிடிப்பார். பேஸைத் திருடுவது என்று இதற்குப் பெயர். அவருக்குச் சுமார் 3.4 விநாடி போதும். பந்து கேட்சர் கைக்கு வரவே 1.3 விநாடி ஆகிவிடும். மிச்சமுள்ள 2 விநாடிக்குள் கேட்சர் பந்தைப் பிடித்து 38.8 மீட்டர் தொலைவிலுள்ள இரண்டாம் பேஸுக்கு எறிந்தாக வேண்டும்.

மணிக்கு 130 கிலோமீட்டர் வேகத்தில் எறிந்தாலும் பந்து போய்ச் சேர 1.1 விநாடிக்கு மேல் ஆகும். அதற்குள் புவியீர்ப்பு அதை 6 மீட்டருக்கு மேல் கீழே இழுத்துவிடும். ஆகவே சற்று மேல்நோக்கித்தான் எறிய வேண்டும். ஆனால் ரொம்ப மேலே போனால் நேரம் வீண்.

வேறு எங்கே நேரத்தை மிச்சம் பிடிப்பது? குந்தியிருக்கும் கேட்சர் எழுந்து நிற்க எடுக்கும் நேரத்தில்தான். ஆனால் எழுவதற்கும் காரணம் இருக்கிறது. எறியும் வேகம் காலில் பிறக்கிறது. தரையை உதைக்கும் விசை இடுப்பு, தோள், முழங்கை, மணிக்கட்டு என்று சாட்டை சொடுக்குவதைப் போல ஏறி வருகிறது. குந்தியபடியே எறிந்தால் நேரம் மிச்சம். கால் தரும் விசையோ பெரும்பாலும் போய்விடும். தோளும் கையும்தான் அதை ஈடுகட்ட வேண்டும்.

அதைச் செய்து காட்டியவர் பிஸ் மேக்கி. 1897-இல் டெக்சஸில் பிறந்தவர். கறுப்பர்களைப் பெரிய லீக்குகள் சேர்க்காத காலம் அது. அதனால் அவருடைய ஆட்டமெல்லாம் கறுப்பின லீக்குகளில்தான். 1925-இல் அங்கே உலகத் தொடரை வென்ற ஹில்டேல் அணியின் கேட்சர் அவரே. 1927-இல் ஜப்பானுக்கும் போய் ஆடினார். எனக்கு அவரிடம் மிகவும் பிடித்தது, தனக்குத் தெரிந்ததை அவர் தன்னோடு வைத்துக்கொள்ளவில்லை என்பதுதான். 1937-இல் வாஷிங்டன் எலைட் ஜயண்ட்ஸ் அணிக்கு வந்த 15 வயதுப் பையன் ராய் கம்பனெல்லாவுக்குக் கேட்சர் வேலையின் நுணுக்கங்களைக் கற்றுக்கொடுத்தார்.

1947-இல் கறுப்பின வீரரான ஜாக்கி ராபின்சன் பெரிய லீக்கில் ஆடி அந்தத் தடையை உடைத்தபோது மேக்கிக்கு வயது 49. அவருக்குக் காலம் கடந்துவிட்டது. அடுத்த ஆண்டே கம்பனெல்லா பெரிய லீக் அணியான ப்ரூக்ளின் டாட்ஜர்ஸில் சேர்ந்தார். 1951, 1953, 1955 ஆகிய மூன்று ஆண்டுகளிலும் தேசிய லீக்கின் மிகச் சிறந்த வீரர் விருது அவருக்கே. மேக்கி 1965-இல் இறந்தார். பேஸ்பால் புகழ் மண்டபம் அவரைச் சேர்த்துக்கொண்டது 2006-இல்.