வன உரிமைப் பட்டா: மனைவி பெயரும் இருக்கிறதா?

வன உரிமைக்கு மனு எழுதும்போதே மனைவியின் பெயரையும் சேர்த்து எழுதுங்கள். அது யாரும் போடும் தயவு இல்லை. 2006-ஆம் ஆண்டு வன உரிமைச் சட்டத்தின் பிரிவு 4(4) அப்படித்தான் சொல்கிறது: மணமானவர்கள் என்றால் பட்டா இருவர் பெயரிலும் பதியப்பட வேண்டும். கணவரை இழந்தோ தனியாகவோ குடும்பம் நடத்தும் பெண் என்றால் அவர் பெயரிலேயே. இந்த நிலம் பிள்ளைகளுக்குப் போகும், விற்க முடியாது. விற்க முடியாத நிலம் எதற்கு என்று சிலர் சலித்துக்கொள்வார்கள். அவசரத்துக்கு யாருக்கோ எழுதிக் கொடுத்துவிட முடியாது என்பதே பெரிய பாதுகாப்பு என்பேன்.

2005 டிசம்பர் 13-க்கு முன்பிருந்தே பழங்குடியினர் வசித்து உழுதுவரும் வன நிலத்துக்கு, அதிகபட்சம் 4 ஹெக்டேர் வரை உரிமை உண்டு. பழங்குடி அல்லாதவர்கள் அந்தத் தேதிக்கு முன் 75 ஆண்டுகளாக அந்தக் காட்டை நம்பி வாழ்ந்ததைக் காட்ட வேண்டும்.

சரி, காகிதமே இல்லாதவர் என்ன செய்வது? இரண்டு சான்றுகள் போதும். ரேஷன் அட்டை, வாக்காளர் அட்டை மட்டுமல்ல, பழைய கிணறு, இடுகாடு, சாமி இருக்கும் இடம் எல்லாமே சான்றுதான். மனுதாரர் அல்லாத மூத்தவர் சொல்வதை எழுதி வாங்கியும் வைக்கலாம். எந்தப் பாட்டனை எங்கே புதைத்தார்கள் என்று ஊரில் ஒரு பாட்டிக்காவது தெரிந்திருக்கும். அவரைக் கேளுங்கள்.

தேன், கடுக்காய், கிழங்கு, மூங்கில் போன்ற சிறு வனப் பொருட்களைச் சேகரிக்கவும் விற்கவும் உள்ள உரிமை வேறு. காட்டை ஊரே காத்து நிர்வகிக்கும் சமூக உரிமையும் உண்டு. இதற்கு ஊர் சேர்ந்து தனியாக மனு போட வேண்டும். பல ஊர்களில் தனிப்பட்டாவோடு நின்றுவிடுகிறார்கள். காட்டுக்குள் தினமும் போய்வரும் பெண்களுக்கு இதுதான் முக்கியம்.

மனு முதலில் கிராம சபைக்குப் போகும். கூட்டத்தில் பாதிப் பேராவது இருக்க வேண்டும், அதில் மூன்றில் ஒரு பங்கு பெண்கள். வன உரிமைக் குழுவிலும் அதே அளவு பெண்கள் வேண்டும். இந்தச் சபையைச் சாதாரணமாக நினைக்காதீர்கள். ஒடிசாவின் நியம்கிரி மலையில் பாக்சைட் சுரங்கம் வேண்டாம் என்று 2013-இல் 12 கிராம சபைகளும் சொல்லித்தான் அந்தத் திட்டம் நின்றது.

அப்புறம் கோட்ட அளவிலான குழு, மாவட்டக் குழு. நிராகரித்தால் காரணத்தை எழுத்தில் கேளுங்கள், 60 நாளுக்குள் மேல்முறையீடு செய்யலாம். பரிசீலனை முழுதாக முடியும்வரை உங்களை நிலத்திலிருந்து வெளியேற்ற முடியாது.