அரசு வேலையை முடித்தாச்சு, பில் எங்கே நிற்கிறது?

ரோடு போட்டு, வாய்க்கால் கட்டி, திறப்பு விழாவும் முடிந்திருக்கும், பணம் மட்டும் வராது. கீழே கேட்டால் ஃபைல் மேலே போய்விட்டது என்பார்கள், மேலே போனால் ‘ஃபண்ட் வரலை’ என்பார்கள். நகையை அடகு வைத்து வேலையை முடித்துவிட்டு வட்டி கட்டிக்கொண்டிருக்கும் சின்ன ஒப்பந்ததாரர்களைப் பார்த்துப் பார்த்துத்தான் இதை எழுதுகிறேன்.

விதி இல்லாமல் இல்லை. மத்திய நிதி அமைச்சகத்தின் செலவினத் துறை 2021 அக்டோபரில் அறிவுறுத்தியபடி, ரன்னிங் பில் (வேலை நடக்கும்போதே முடிந்த பகுதிக்குக் கொடுக்கும் பில்) கொடுத்த 10 வேலை நாளுக்குள் குறைந்தது 75 சதவீதமும், மீதி 28 வேலை நாளுக்குள்ளும் வர வேண்டும். ஆனால் இது மத்திய அரசுத் துறைகளுக்கும் அவற்றின் நிறுவனங்களுக்கும்தான். மாநிலத் துறையிலோ ஊராட்சியிலோ இந்தக் காகிதத்தை நீட்டிப் பயனில்லை, அங்கே உங்கள் ஒப்பந்தப் பத்திரம்தான் பேசும். தாமதத்துக்கு வட்டி கிடையாது என்ற வரி அதில் இருக்கிறதா என்று கையெழுத்துக்கு முன்பே பாருங்கள்.

அடுத்து எல்லோரும் சொல்வது 45 நாள் சட்டம். 2006-ஆம் ஆண்டின் குறு, சிறு, நடுத்தரத் தொழில் சட்டப்படி பணம் தர 45 நாளைத் தாண்டினால் ரிசர்வ் வங்கியின் வங்கி விகிதத்தைப் போல மூன்று மடங்கு கூட்டு வட்டி உண்டு, ஆன்லைனில் புகார் கொடுக்கலாம், எல்லாம் சரி. பலர் மாட்டிக்கொள்வதும் இங்கேதான். இந்தப் பாதுகாப்பு குறு, சிறு நிறுவனங்களுக்கு மட்டும், நடுத்தர நிறுவனத்துக்குக் கிடையாது. வேலை முடிந்து பணம் நின்ற பிறகு அவசரமாக உத்யம் பதிவு (இந்தத் தொழில்களுக்கான அரசுப் பதிவு) எடுத்தால், பழைய வேலைக்கு அது செல்லாது என்று 2021-இல் உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கிறது. இதைவிடப் பெரிய பள்ளம், பொருளும் கூலியும் சேர்ந்த கட்டுமான ஒப்பந்தம் இந்தச் சட்டத்துக்குள் வராது என்று மும்பை உயர் நீதிமன்றம் உள்படச் சில நீதிமன்றங்கள் தீர்ப்பளித்திருப்பது. எதிர்த்தரப்பு வக்கீல் முதலில் எடுப்பது அதைத்தான். அதனால் இதை மட்டும் நம்பி உட்கார்ந்துவிடாதீர்கள்.

உண்மையில் பணம் நிற்பது பெரும்பாலும் எம்-புக்கில், அதாவது முடிந்த வேலையின் அளவைப் பதியும் புத்தகத்தில். அளவெடுத்த அன்றே எந்தப் பக்கத்தில் பதிவானது, யார் சரிபார்க்க வேண்டும் என்று குறித்துக்கொள்ளுங்கள். ‘இன்னும் பத்து மீட்டர் சேர்த்துப் போட்டுடுங்க, அப்புறம் பார்த்துக்கலாம்’ என்று வாயால் சொன்ன வேலைக்கு எழுத்தில் உத்தரவு வாங்காவிட்டால், அந்தப் பத்து மீட்டர் உங்கள் நன்கொடை. சொன்ன பொறியாளர் மாற்றலாகிப் போயிருப்பார், வந்தவருக்கு எதுவுமே தெரியாது.

பில்லைக் கையில் கொடுத்துவிட்டு வராதீர்கள். தேதியும் முத்திரையும் போட்ட நகல் வாங்குங்கள், தரமாட்டேன் என்றால் ஸ்பீட் போஸ்டில் அனுப்பி, போய்ச் சேர்ந்ததற்கான சான்றை வாங்கி வையுங்கள். ஒரு மாதம் பதில் இல்லையென்றால் தகவல் உரிமைச் சட்டத்தில் மனு போடுங்கள். ‘ஏன் பணம் தரவில்லை’ என்று கேட்டால் அது தகவல் இல்லை என்று திருப்பிவிடுவார்கள். எம்-புக் பக்கத்தின் நகல், பில் பதிவேட்டு எண், என் பில்லுக்குப் பிறகு வந்து பாஸான பில்களின் பட்டியல் என்று ஆவணமாகக் கேளுங்கள். கடைசிக் கேள்வியைப் பார்த்ததுமே சில ஃபைல்களுக்குக் கால் முளைக்கும்.

இறுதித் தொகை தரும்போது ‘இனி எந்தக் கோரிக்கையும் இல்லை’ என்று ஒரு தாளை நீட்டுவார்கள். பணத் தேவையில் போடும் அந்தக் கையெழுத்தைக் காட்டித்தான் பிறகு வட்டியும் இல்லை, பில்லில் பிடித்த தொகையும் திரும்ப இல்லை என்பார்கள். வேறு வழியில்லாமல் போட்டால், ஆட்சேபத்தோடு பெற்றுக்கொண்டதாக அன்றைக்கே தனிக் கடிதம் கொடுத்துவிடுங்கள்.

அடுத்த மார்ச், அடுத்த மார்ச் என்று அவர்கள் இழுக்க இழுக்க உங்கள் வழக்குக் காலமும் கரையும். பணம் தரும் தேதி ஒப்பந்தத்தில் இல்லையென்றால் வேலை முடிந்ததிலிருந்து மூன்று ஆண்டுதான். வாய் வாக்குறுதி அதை நீட்டாது. அந்த மூன்று ஆண்டுக்குள் ‘இவ்வளவு பாக்கி’ என்று கையெழுத்திட்ட கடிதம் வாங்கினால் கணக்கு புதிதாகத் தொடங்கும். சிவில் வழக்கென்றால் அரசுக்கு இரண்டு மாத நோட்டீஸும் கொடுக்க வேண்டும், அதனால் கடைசி வாரத்தில் வக்கீலிடம் ஓடாதீர்கள்.

வேலைக்கு உத்தரவாதமாக வைத்திருக்கும் டெபாசிட்டையும் மறந்துவிடாதீர்கள். பராமரிப்புக் காலம் முடிந்ததும் நீங்கள்தான் எழுதிக் கேட்க வேண்டும், யாரும் கூப்பிட்டுத் தரமாட்டார்கள். சில ஆண்டுகள் கேட்காமல் விட்டால் அது காலாவதியான டெபாசிட்டாக அரசுக் கணக்குக்குப் போய்விடும், அதைத் திரும்ப எடுக்கத் தனியாக ஒரு அனுமதி வேண்டும்.