ஃப்ரீ எனர்ஜி: கட்டிலா ஆற்றலா, முதலில்லா ஆற்றலா?

மன்னார்குடிப் பக்கம், மோட்டாருக்குக் காயில் கட்டும் கடையில் இந்தச் சொல் காதில் விழுந்தது. ஒரு மோட்டார், பெல்ட்டில் இணைத்த டைனமோ, நடுவே கனத்த இரும்புச் சக்கரம். ஒருமுறை ஓடவிட்டால் டைனமோ தரும் மின்சாரத்திலேயே மோட்டார் ஓயாமல் சுற்றுமாம். மிச்சத்தில் போர்வெல்லும் இறைக்குமாம். பெயர் ‘ஃப்ரீ எனர்ஜி’.

‘ஃப்ரீ’ என்றால் கட்டில்லாதது, காசில்லாதது என இரு பொருள். அறிவியல் எடுத்துக்கொண்டது முன்னதை. 1882இல் ஜெர்மானிய அறிஞர் ஹெல்ம்ஹோல்ட்ஸ், ஆற்றலில் வேலையாக மாறக்கூடிய பங்கை ‘ஃப்ரையே எனர்கீ’ என்றார். மற்றதைக் கட்டுண்ட ஆற்றல் என்றார். ஆகவே பாடநூலின் ‘கட்டிலா ஆற்றல்’ கச்சிதமான சொல். (கட்டில் எங்கே என்று மாணவர்கள் சிரிப்பார்கள். சிரிக்கட்டும்.) ‘எனர்ஜி’க்குள் இருக்கும் கிரேக்க ‘எர்கோன்’ வேலையைக் குறிப்பது, நம் ‘ஆற்ற’லும் செயலாற்றுவதில் பிறந்ததுதான்.

கடையில் கண்ட சக்கரத்துக்கு அந்தச் சொல் ஆகாது. ‘இலவச ஆற்றல்’ என்றும் சொல்ல மாட்டேன். டெல்டாவில் இலவச மின்சாரம் என்றால் பம்புசெட்டுக்கு வருவது. அதற்கு அரசு பணம் கட்டுகிறது. இங்கோ யாருமே எதுவும் கட்டவில்லை என்பதுதான் கதை. ‘முதலில்லா ஆற்றல்’ என்பேன். முதல் போடாமல் மகசூல் கேட்பது.

கணக்கு எளிது. ஒரு குதிரைத்திறன், அதாவது 746 வாட், மோட்டாருக்குள் போகிறது என்று வைப்போம். மோட்டார் நூற்றுக்கு எண்பத்தைந்து தந்து, டைனமோவும் அவ்வளவே தந்தால், திரும்பி வருவது சுமார் 539 வாட். மீதி எங்கே? பேரிங்கைத் தொட்டுப் பார்த்தேன், சுட்டது.

கணித அறிஞர் பாஸ்கராச்சாரியர் 12ஆம் நூற்றாண்டிலேயே பாதரசம் நிரப்பிய ஓயாச் சக்கரத்தை எழுதிவைத்தார். இத்தகைய உரிமைகோரல்களை இனிப் பரிசீலிப்பதில்லை என்று பாரிஸ் அறிவியல் கழகம் 1775இல் முடிவெடுத்தது. ஆசை மட்டும் விடவில்லை. எங்கள் ஊரில் அது வேர்விடக் காரணமும் உண்டு. ஒரு நெல்லைப் போட்டால் நூற்றுக்கணக்கில் திரும்புகிறது. மேட்டூரைத் திறந்தால் மோட்டாரே இல்லாமல் தண்ணீர் வாய்க்கால் மடைவரை வருகிறது. இரண்டுக்கும் முதல் போடுவது சூரியன். அது ரசீது கேட்பதில்லை, அதனால் கணக்கில் வருவதில்லை.

சக்கரம் முக்கால் நிமிடம் சுற்றி நின்றது. “பேரிங்தான் சார் பழசு, மாற்றிவிட்டால் ஓடிவிடும்” என்றார் கடைக்காரர்.