பூசும் பச்சையும் குத்தும் பச்சையும்: பிண்டாடோஸ் திருவிழாவும் தோலும்

பிலிப்பைன்ஸின் லெய்தே தீவில் உள்ள டாக்ளோபான் நகரில், ஜூன் மாத இறுதியில் பிண்டாடோஸ் திருவிழா நடக்கிறது. ஆடுபவர்கள் அந்தப் பகுதித் தீவுகளின் பழைய மக்களான விசயர்களின் பச்சைக் கோலங்களை உடம்பெங்கும் வண்ணத்தால் தீட்டிக்கொண்டு தெருவில் இறங்குவார்கள். பிண்டாடோஸ் என்ற ஸ்பானியச் சொல்லுக்கு ‘வண்ணம் தீட்டப்பட்டவர்கள்’ என்று பொருள். 16ஆம் நூற்றாண்டில் வந்த ஸ்பானியர்கள் குத்திய பச்சையைத்தான் இப்படிப் பூச்சாக்கிப் பெயர் வைத்தார்கள். தோலுக்கோ இரண்டும் ஒன்றல்ல. பூச்சு மேல்தோலோடு நிற்கும், பச்சை அதைத் தாண்டி உள்தோலில் போய் உட்காரும்.

விசயர்கள் பல்வைத்த கருவியைத் தட்டித் தோலைத் துளைத்து, அதில் கரியைத் தேய்ப்பார்கள். வீக்கமும் காய்ச்சலும் வரும் என்பதால் பகுதி பகுதியாகவே குத்துவார்கள். கரி கறுப்புதான், ஆனால் உள்தோலில் இருக்கும்போது நீலமும் பச்சையுமாகத் தெரியும், ஒளிச்சிதறல் செய்யும் வேலை அது. நாமும் கரியைக் குத்திவிட்டுப் ‘பச்சை’ என்றுதானே சொல்கிறோம்!

இப்போதும் கையால் தட்டிக் குத்திக்கொள்ள விரும்புபவர்கள் உண்டு. அவர்கள் பார்க்க வேண்டியது: ஊசியோ முள்ளோ, ஒருவருக்கு ஒன்று, பிறகு அது குப்பைக்கு. மையை ஆளுக்குத் தனிச் சிறு கிண்ணத்தில் ஊற்ற வேண்டும், மிச்சத்தைப் புட்டியில் திரும்ப ஊற்றக் கூடாது. மஞ்சள் காமாலைக் கிருமிகளான ஹெபடைடிஸ் பி, சி இரண்டும் இந்த வழியிலும் பரவக்கூடும். மையில் குழாய்த் தண்ணீர் கலப்பதும் ஆபத்து. அமெரிக்காவின் ராச்செஸ்டரில் 2011இல் 19 பேருக்கு வந்த தோல் தொற்றுக்குக் காரணமான நுண்கிருமி, முன்கூட்டியே நீர் கலந்து விற்கப்பட்ட சாம்பல் நிற மையில் இருந்தது.

ஊர்வலத்தில் ஆடுபவர்களுக்குச் சிக்கல் வருவது பெரும்பாலும் வண்ண டப்பாவிலிருந்து. சுவருக்கும் துணிக்கும் உரிய அக்ரிலிக் வண்ணம் மலிவு, பளபளப்பும் அதிகம். உலர்ந்ததும் பிளாஸ்டிக் படலமாகிவிடும். உரிக்கும்போது ரோமமும் மேல்தோலும் சேர்ந்து வரும். ‘நச்சற்றது’ என்ற வாசகம் தோலில் பூசலாம் என்று சொல்லவில்லை. உடல் பூச்சுக்கென்றே செய்த, நீரில் கரையும் வண்ணம்தான் தேவை.

அதையும் ஒரு வாரம் முன்பே சோதிக்க வேண்டும். முன்கையின் உட்புறத்தில் ஒரு ரூபாய் நாணயம் அளவு பூசி, ஊர்வலம் எவ்வளவு நேரமோ அவ்வளவு நேரம் விட்டுக் கழுவுங்கள். ஒவ்வாமை தாமதமாகவும் வரும் என்பதால் 2 முதல் 4 நாள் கவனியுங்கள். பூசும்போது பஞ்சைப் பிழிந்து, மெல்லிதாக இரண்டு பூச்சு. தடித்த ஒரே பூச்சு முழங்கை, முழங்கால் மடிப்புகளில் வெடித்து, வியர்வையில் வழியும். அக்குள், தொடையிடுக்கு, புண் உள்ள இடம், கண்ணிமை ஓரம் வேண்டாம். ஒரே பஞ்சால் முப்பது பேருக்குப் பூசினால் சிரங்கும் படர்தாமரையும் இலவசமாகச் சேரும்.

தோல் வழியாக நாம் சுவாசிப்பதில்லை; வண்ணம் பூசினால் மூச்சடைக்கும் என்பது கட்டுக்கதை. ஆனால் எண்ணெய்ப் பூச்சு வியர்வையைத் தடுக்கும். புழுக்கத்தில் முதலில் வேர்க்குரு, பிறகு தலைசுற்றல்.

எந்தத் திருவிழாவிலும் கடையில் போடும் ‘கறுப்பு மருதாணி’யை விட்டு விலகுங்கள். இலை மருதாணி செம்பழுப்பாகத்தான் பிடிக்கும், சில மணி நேரமும் ஆகும். ஒரு மணி நேரத்துக்குள் கறுத்தால் அதில் தலைமுடிச் சாயத்தின் பி.பி.டி. ரசாயனம் இருக்க வாய்ப்பு அதிகம். சில நாள் கழித்துக் கோலம் அப்படியே கொப்புளமாக எழும், தழும்பும் நிற்கலாம். அந்த ஒவ்வாமை ஆயுளுக்கும் போகாது. பிற்காலத்தில் நரைக்குச் சாயமடித்தால் முகம் வீங்கலாம்.

ஊர்வலம் முடிந்த கையோடு வெதுவெதுப்பான நீரும் மென்மையான சோப்பும் போட்டுக் கழுவுங்கள். எண்ணெய்ப் பூச்சானால் முதலில் தேங்காய் எண்ணெய் தடவி ஐந்து நிமிடம் ஊறவிட்டு, பருத்தித் துணியால் ஒற்றி எடுங்கள். நார் போட்டுத் தேய்க்கக் கூடாது. தின்னர், மண்ணெண்ணெய் பக்கமே போகாதீர்கள். சிவப்பும் எரிச்சலும் மறுநாளும் இருந்தால், அந்த டப்பாவையும் எடுத்துக்கொண்டு மருத்துவரிடம் போங்கள். எதனால் வந்தது என்று கண்டுபிடிக்க அதிலுள்ள பொருட்பட்டியல் உதவும்.