ரேஷியல் ப்ரொஃபைலிங்னா 'இன விவரக்குறிப்பு' இல்லங்க

நேத்து ஒரு அமெரிக்க டாக்குமெண்டரி, தமிழ் சப்டைட்டிலோட. கறுப்பினப் பையன் ஒருத்தன போலீஸ் ரோட்டோரமா நிறுத்தியிருக்கு, ரெண்டு கையையும் ஸ்டியரிங் மேல வெச்சுக்கிட்டு அசையாம உக்காந்திருக்கான், கீழ 'இது இன விவரக்குறிப்பு'ன்னு எழுத்து ஓடுது. ஒருத்தரோட இனத்த வெச்சே போலீஸ் சந்தேகப்படறதத்தான் இங்கிலீஷ்ல ரேஷியல் ப்ரொஃபைலிங்னு சொல்றாங்க, அதுக்குத்தான் இந்த மொழிபெயர்ப்பு. எத்தன தடவதான் இதையே பாக்குறது?

ப்ரொஃபைல் இத்தாலியச் சொல், உள்ள இருக்கற 'ஃபிலோ'ன்னா நூல். கோட்டுருவம், பக்கவாட்டு முகம், அப்புறம் ஆளப் பத்தின குறிப்புன்னு அர்த்தம் நகந்துச்சு. 1970கள்ல போதை மருந்து கடத்துறவன் இப்படித்தான் இருப்பான்னு ஒரு பட்டியல வெச்சுக்கிட்டு ஏர்போர்ட்ல ஆள நிறுத்துனாங்க, அந்தப் பட்டியலுக்கும் ப்ரொஃபைல்னுதான் பேரு.

விவரக்குறிப்புன்னா நமக்கு ஜாதகத்தோட குடுக்கற பயோடேட்டா, மிக்சி டப்பாவுல போட்டிருக்கற வாட் கணக்கு. அதுல யாருக்கும் அநியாயம் நடக்கல. இன்னும் சிலர் 'இன அடையாளங்காணல்'னு எழுதுறாங்க, அது இன்னும் மோசம், ஏன்னா அடையாளங்காணல்னா இன்னார்னு கண்டுபிடிக்கறது, இங்க ஆள் யாருன்னே தெரியாம தோல் நிறத்த வெச்சு இவன் திருடனாத்தான் இருப்பான்னு முடிவு கட்டுறாங்க.

நியூயார்க்ல தெருவுல ஆள நிறுத்தினா போலீஸ் ஒரு ஃபார்ம் நிரப்பணும். அப்போ அதுல 'கள்ளத்தனமான அசைவு'ன்னு ஒரு கட்டம் இருந்துச்சு, நம்ம பேச்சுல திருட்டு முழி. பத்துக்கு நாலு ஃபார்ம்ல அதுல டிக் போட்டிருந்தாங்க. 2004 ஜனவரிலேர்ந்து 2012 ஜூன் வரைக்கும் 44 லட்சம் தடவ நிறுத்தியிருக்காங்க, 83 சதவீதம் கறுப்பினத்தவர் இல்லன்னா லத்தீனோ (லத்தீன் அமெரிக்க வம்சாவளி) மக்கள், 88 சதவீதத்துல கைதும் இல்ல, சம்மனும் இல்ல. 2013ல ஃபெடரல் ஜட்ஜ் ஷிரா ஷெய்ண்ட்லின் இது அரசியல் சட்டத்துக்கு விரோதம்னு தீர்ப்புல சொன்னப்போ மறைமுகமான ரேஷியல் ப்ரொஃபைலிங்னே எழுதினாங்க. அதப் போய் 'மறைமுக இன விவரக்குறிப்பு'ன்னு போட்டா படிக்கறவனுக்கு என்ன கோவம் வரும்? ஏதோ ஃபைல ஒளிச்சு வெச்சுட்டாங்கன்னு நெனப்பான்.

என்னக் கேட்டா 'இனவழிச் சந்தேகம்'. ஐயம்னு போடச் சொல்லி தனித்தமிழ் நண்பர்கள் சண்டைக்கு வருவாங்க, எனக்கும் அந்தச் சொல் பிடிக்கும், ஆனா ஐயம் கிளாஸ்ல வாத்தியார்கிட்ட கேக்கறது. போலீஸ் புடிக்கறது சந்தேகக் கேஸ்லதான், சந்தேகம்னு சொன்னாத்தான் வயித்துல பயம் வருது.

மொழிபெயர்க்கறவங்க அகராதியத் தொறக்கறதுக்கு முன்னாடி திரைல இருக்கற அந்தப் பையன் கையப் பாக்கணும். சப்டைட்டில்ல பெயர்ச்சொல்லே வேணும்னு யார் சொன்னா? 'நிறத்தப் பாத்து நிறுத்துறாங்க'ன்னு போடுங்க, ஒரே வரில அடங்கிரும்.