இருக்கைக்குள் ஒளிந்திருந்த ஓட்டுநர்

கார்களின் மின்னணுச் சாதனங்களைப் பழுதுபார்ப்பது என் தொழில். ஓட்டுநர் உதவி வசதிகள் கொண்ட புதிய காரை வாங்கியவர்கள் அதைப் பற்றிப் பெருமையாகச் சொல்லும்போது, 'நைட் ரைடர்' தொடரில் வரும் 'கிட்' என்ற பேசும் காரையும் சேர்த்தே சொல்வதுண்டு. அந்த ஒப்பீடு எனக்குக் கவலையளிக்கிறது.

1982 முதல் 1986 வரை அமெரிக்காவின் என்பிசி தொலைக்காட்சியில் ஓடிய அத்தொடர், 2008 பிப்ரவரியில் தொலைக்காட்சிப் படமாகவும் செப்டம்பரில் புதிய தொடராகவும் திரும்பி வந்தது. பழைய பான்டியாக் காரின் இடத்தில் ஃபோர்டு மஸ்டாங் நின்றது. காருக்கு வால் கில்மர் குரல் கொடுத்தார். (முதலில் ஒப்பந்தமான வில் ஆர்னெட், போட்டி நிறுவனமான ஜெனரல் மோட்டார்ஸின் விளம்பரங்களுக்குக் குரல் கொடுத்து வந்ததால் விலக நேர்ந்தது.) 17 அத்தியாயங்களுடன் 2009 மார்ச்சில் தொடர் முடிந்துவிட்டது. பழைய தொடரில் கார் ஆளில்லாமல் ஓடுவதாகக் காட்டிய காட்சிகளில், இருக்கையைப் போலவே தைத்த உறைக்குள் ஒளிந்துகொண்டு ஒரு சாகச ஓட்டுநர் ஓட்டினார் என்பதை அறிந்தவர்கள் குறைவு.

புதிய தொடரின் கார், உடலில் குண்டு பாய்ந்தாலும் நானோ தொழில்நுட்பத்தால் தன்னைத்தானே சரிசெய்துகொள்ளும். நம் கார்களுக்கு அந்தக் கொடுப்பினை இல்லை. நெடுஞ்சாலையில் கார் தானாகவே தடத்தின் ஓரக் கோட்டுப் பக்கம் இழுக்கிறது என்ற புகாரோடு ஒருவர் வந்திருந்தார். விசாரித்தபோது, ஒரு மாதத்துக்கு முன் வேறோர் இடத்தில் முன்கண்ணாடியை மாற்றியது தெரிந்தது. கார் தடம் விலகாமலிருக்கச் சாலைக் கோடுகளைக் கண்காணிக்கும் கேமரா, பின்னால் வருவதைப் பார்க்கும் உட்புறக் கண்ணாடிக்குப் பின்னால் அந்த முன்கண்ணாடியை ஒட்டியே அமர்ந்திருக்கிறது. கண்ணாடியை மாற்றியவர்கள் கேமராவைக் கழற்றி மாட்டினார்களே தவிர, கேலிப்ரேஷன் (கேமரா பார்க்கும் திசையை அளந்து சரிசெய்வது) செய்யவில்லை. கேமரா 1 டிகிரி திரும்பியிருந்தால்கூட, 50 மீட்டருக்கு அப்பால் அது ஏறத்தாழ 87 சென்டிமீட்டர் பிழையாகிவிடும். டயர்க் காற்றைச் சரிபார்த்து, சமதளத்தில் காரை நிறுத்தி, உற்பத்தியாளர் குறித்த தூரத்தில் கேமரா பார்ப்பதற்கான குறிப்பலகையை வைத்து அளந்த பிறகுதான் அந்தக் கார் நேராக ஓடியது. "தப்பு இருந்தா காரே சொல்லிடும்னு நினைச்சேன் சார்" என்றார் அவர்.

அவர் காரில் இருந்த வகை வசதியைச் சர்வதேச வகைப்பாட்டில் 2ஆம் நிலை என்பார்கள். ஸ்டியரிங், வேகம் இரண்டையும் கார் கையாண்டாலும், சாலையைக் கண்காணிக்கும் பொறுப்பு முழுவதும் ஓட்டுநருடையதே. 2018 மார்ச்சில் அரிசோனாவின் டெம்பி நகரில், இதைவிட முன்னேறிய நிலைக்காகச் சோதிக்கப்பட்டுவந்த கார், சைக்கிளைத் தள்ளியபடி சாலையைக் கடந்த பெண்மீது மோதியதில் அவர் உயிரிழந்தார். காரைக் கண்காணிக்க அமர்த்தப்பட்டிருந்தவர் அந்த நேரத்தில் கைபேசியைப் பார்த்துக்கொண்டிருந்தார் என்று அமெரிக்க விசாரணை அமைப்பு கண்டறிந்தது.

முன்கண்ணாடியை மாற்றினாலோ, ரேடார் பொருத்திய பம்பரைக் கழற்றினாலோ, கேலிப்ரேஷன் தேவையா என்று பணிமனையில் கேளுங்கள். செய்ததாகச் சொன்னால் அதன் அறிக்கையையும் கேட்டு வாங்குங்கள். திரையில் எச்சரிக்கை விளக்கு எரியவில்லை என்பதை மட்டும் நம்பி வண்டியை எடுத்துச் செல்லாதீர்கள். என்னிடம் வந்த அந்தக் காரிலும் எந்த விளக்கும் எரியவில்லை.